மழைக்கணக்கு ஃபைலைத் திறந்து பார்த்தேன்

புளியரையில் எங்கள் வீட்டு மொட்டைமாடியில் ஒரு மழைமானி இருக்கிறது. தினமும் காலை எட்டரைக்கு அளந்து, 2018-லிருந்து கைபேசியில் ஒரு ஆப்பில் குறித்து வருகிறேன். போன மாதம் கைபேசியை மாற்றினேன். புதியதில் அந்த ஆப் திறக்கவே மறுத்துவிட்டது. பழைய கைபேசியைத் துழாவியதில் ‘டிபி’ என்று முடியும் ஒரு ஃபைல் அகப்பட்டது.

நோட்பேடில் திறந்தால் ஒரே கட்டம் கட்டமாகக் குப்பை. ஆனால் தொடக்கத்தில் ‘எஸ்க்யூலைட் ஃபார்மேட் 3’ என்று பளிச்சென்று இருந்தது. எஸ்க்யூலைட் என்பது ஆப்கள் தகவல்களை டேபிள்களாக ஒரே ஃபைலில் சேமிக்க உதவும் தரவுத்தளம். அதன் ஃபைல் எதுவானாலும் முதல் 16 பைட்டில் இதுதான் இருக்கும். அப்பாடா என்றிருந்தது. ஆப் போனால் போகட்டும்.

டிபி பிரௌசர் ஃபார் எஸ்க்யூலைட் என்ற இலவச மென்பொருளை இறக்கினேன். ‘பிரௌஸ் டேட்டா’ பகுதிக்குப் போனால் எக்செல் மாதிரியே டேபிள் தெரிகிறது. தவறுதலாக எதையாவது மாற்றிவிட்டாலும் ‘ரைட் சேஞ்சஸ்’ பொத்தானை அமுக்காதவரை ஃபைலில் ஏறாது. என்னைப் போல் கை சும்மா இல்லாதவர்களுக்கு இது பெரிய ஆறுதல்.

மழையளவைப் பெரியதிலிருந்து அடுக்கிப் பார்த்தேன். முதலிடத்தில் 9.8 மில்லிமீட்டர்! நூறைத் தாண்டிய நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. விஷயம் என்னவென்றால், ஆப்பை எழுதியவர் அளவை எண்ணாக வைக்காமல் எழுத்தாக வைத்திருக்கிறார். எழுத்து வரிசையில் 104-க்கு மேலே 9.8 வந்து உட்கார்ந்துகொள்ளும். ‘காஸ்ட்’ என்ற கட்டளை போட்டு எண்ணாக்கியதும் சரியானது.

தேதிதான் படுத்தியது. 1530383400000 என்று 13 இலக்க எண்கள். 1970 ஜனவரி 1-லிருந்து ஓடிய மில்லி விநாடிக் கணக்கு அது. ஆயிரத்தால் வகுத்து ‘யூனிக்ஸ்இபாக்’ என்ற சொல்லையும் சேர்த்துக் கேட்டால் 2018 ஜூன் 30, மாலை 18:30 என்கிறது. நான் குறித்ததோ ஜூலை 1. ஆப் நம் நேரப்படி நள்ளிரவை வைத்திருக்கிறது, எஸ்க்யூலைட் கிரீன்விச் நேரத்தைக் காட்டுகிறது. ஐந்தரை மணி நேர வித்தியாசத்தில் ஒவ்வொரு மாதத்தின் முதல் நாள் மழையும் முந்தைய மாதத்துக்குப் போய்விட்டது. ‘லோக்கல்டைம்’ என்று ஒரு சொல் சேர்த்ததும் தீர்ந்தது. இதைக் கண்டுபிடிக்க இரண்டு ராத்திரி.

அப்புறம் பார்த்தால் கடைசிச் சில நாள் பதிவுகளைக் காணோம். பழைய கைபேசியில் அதே பெயரில், ‘வால்’, ‘எஸ்ஹெச்எம்’ என்று முடியும் இரண்டு ஃபைல்கள் பக்கத்திலேயே இருந்திருக்கின்றன. குப்பை என்று விட்டுவிட்டேன். கடைக்காரர் சிட்டையில் குறித்துவிட்டு அப்புறம் பேரேட்டில் ஏற்றுவார் அல்லவா, அந்தச் சிட்டைதான் ‘வால்’ ஃபைல். மூன்றையும் சேர்த்து மறுபடி நகலெடுத்ததும் எல்லாம் வந்துவிட்டது. மென்பொருளை மூடியதும் அந்த இரண்டும் மறைந்தன. பதறிவிட்டேன். சிட்டை பேரேட்டில் ஏறிவிட்டது, அவ்வளவுதான்.

மலைக்கு அந்தப் பக்கம் ஆரியங்காவில் இருக்கும் மாமாவும் மழை அளப்பவர். மழை பெய்தால் ரப்பர் பால் வெட்டு நின்றுவிடும், அதனால். அவர் மகள் மாதத்துக்கு ஒரு சிஎஸ்வி ஃபைலாக, அதாவது காற்புள்ளியால் பிரித்த வெறும் எழுத்து ஃபைலாக, வைத்திருக்கிறாள். இதற்கு டக்டிபி என்ற இன்னொரு தரவுத்தள மென்பொருள். எதையும் இறக்குமதி செய்ய வேண்டாம். ஃபைல் பெயரில் நட்சத்திரக் குறி போட்டால் எல்லா மாதங்களையும் ஒரே டேபிளாகப் படிக்கிறது. என் எஸ்க்யூலைட் ஃபைலையும் பக்கத்தில் இணைத்துத் தேதிவாரியாக ஒப்பிடலாம்.

கூட்டச் சொன்னால் மறுத்தது. மாமா பல நாட்களில் எண்ணுக்குப் பதில் ‘சாரல்’ என்று எழுதியிருக்கிறார். எஸ்க்யூலைட்டாக இருந்தால் சத்தமில்லாமல் பூஜ்யம் ஆக்கியிருக்கும். டக்டிபி சண்டை போட்டது எனக்குப் பிடித்திருந்தது.

“ஏன் மாமா, சாரலுக்கு எத்தனை மில்லிமீட்டர்?”

“மானியில ஒட்டக்கூட இல்லை மாப்ளே, அதை எப்படி அளக்க? பால் வெட்டாத நாள் எத்தனைன்னு உன் மிஷின்ட்ட கேட்டுச் சொல்லு.”

அந்தக் கணக்கு அவருடைய டைரியில், கொல்லம் ஆண்டு எனும் மலையாள நாட்காட்டியின் மாதப்படி இருக்கிறது. தட்டச்சு செய்யத் தொடங்கிவிட்டேன். இடவம் முடிந்து மிதுனம் ஓடுகிறது.