மூடிய கதவு: நவம்பர் குறிப்புகள்

நவம்பர் 8

மருத்துவமனையில் அம்மாவைப் பார்க்க மாலை ஐந்து முதல் ஐந்தேகால் வரைதான் அனுமதி. காலை எட்டு மணியிலிருந்து அதே பெஞ்சு.

நவம்பர் 9

தூக்கம் வரவில்லை. ‘செனெரே’ படத்தை மறுபடியும் பார்த்தேன். சாம்பல் என்று பொருள். 1916இல் வந்த மௌனப்படம். இத்தாலிய மேடை நடிகை எலியோனோரா டூசே நடித்த ஒரே படம். நாற்பது நிமிடம்கூட ஓடாது. நாலு வயதில், விக்டர் ஹ்யூகோ கதையின் சிறுமி கோசெத்தாக மேடையேற்றப்பட்ட குழந்தை, ஐம்பத்தேழு வயதில்தான் கேமராவின் முன் வந்து நின்றது. நரையை மறைக்கவில்லை. கேமரா முகத்தருகே வருவதை அவர் விரும்பவில்லையாம். அதனால் நிழலிலும் தூரத்திலும்தான் தேட வேண்டியிருக்கிறது. ஆனால் கைவிட்ட மகன் ஆளாகி வந்து எதிரே நிற்கையில் அந்த உடம்பு குறுகுவதைப் பார்த்தால் முகம் தேவையில்லை. கண்ணாடிக்கு அந்தப் பக்கம் அம்மாவும் அப்படித்தான் தெரிகிறாள். போர்வைக்குள் தோள் மட்டும்.

நவம்பர் 10

மழை.

நவம்பர் 11

இன்று அம்மாவின் உதட்டில் நிறம் இருந்ததா? அக்கா இருந்தது என்கிறாள். எனக்கு நிச்சயமில்லை.

1895இல் லண்டனில் பிரெஞ்சு நடிகை சாரா பெர்னார்ட், டூசே இருவரும் ஒரே மாதத்தில் ஒரே நாடகத்தை நடித்தார்கள். பழைய காதலன் எதிர்ப்படும் காட்சியில் டூசேயின் முகம் உண்மையாகவே சிவந்ததைப் பார்த்து பெர்னார்ட் ஷா அசந்துபோய் எழுதினார். ஒப்பனை பூசிய முகத்தில் அது தெரியாது. ரத்தம் தானாக ஏற வேண்டும். ஐந்து மணிக்கு உள்ளே போனதும் அதைத்தான் தேடுகிறேன்.

நவம்பர் 13

எக்ஸ்ரேயில் இடது பக்கமும் வெண்மை.

டூசேயின் அம்மா காசநோயில் இறந்தார். மகளுக்கு அப்போது இருபது வயதுகூட ஆகவில்லை. இன்று இதைப் படித்திருக்கக் கூடாது.

நவம்பர் 14

அக்கா கோபப்பட்டாள். “எப்பவோ செத்துப்போன நடிகைக்காக ராத்திரியெல்லாம் விழித்திருக்கிறாயா?” பதில் சொல்லவில்லை. இங்கே எழுதுகிறேன்.

1909இல் மேடையை விட்டார். பன்னிரண்டு வருடம். எல்லோரும் அவ்வளவுதான் என்று நினைத்திருப்பார்கள். 1921 மே மாதம், டூரின் நகரில், இப்செனின் நாடகத்தோடு திரும்பி வந்தார். அறுபத்திரண்டு வயது, பழுதான நுரையீரல், வெள்ளை முடி, பொய்முடி கிடையாது, பூச்சு கிடையாது. திரும்பி வந்தார் என்பதுதான் எனக்கு வேண்டியது. 1923இல் ‘டைம்’ பத்திரிகையின் அட்டையில் வந்த முதல் பெண் அவர். அதோடு நிறுத்திக்கொள்கிறேன். 1924 வேண்டாம்.

நவம்பர் 15

சாவி இன்னும் என் பையில்தான் இருக்கிறது.

நவம்பர் 17, இரவு

1924. பிட்ஸ்பர்க். ஏப்ரல் 5. அன்று அவர் நடிக்க வேண்டிய நாடகத்தின் பெயரே ‘மூடிய கதவு’. அரங்குக்கு வந்தபோது நடிகர்கள் நுழையும் கதவு மூடியிருந்தது. மழை. அறுபத்தைந்து வயதுப் பெண் வெளியே நின்று நனைந்தார். பிறகு உள்ளே போய் முழு நாடகத்தையும் நடித்து முடித்தார். அதன் பிறகு அவர் மேடையேறவில்லை. ஏப்ரல் 21, நிமோனியா. கப்பலில்தான் இத்தாலிக்குத் திரும்பினார். அசோலோவில் புதைத்தார்கள்.

யாராவது ஒருவர் முன்கூட்டியே போய் அந்தக் கதவைத் திறந்து வைத்திருக்கலாம். ஒரே ஒருவர்.

ஆறு மணிக்கு வந்துவிடுவேன் என்று சொல்லியிருந்தேன். ஏழாகிவிட்டது. அம்மா படிக்கட்டிலேயே நின்றிருக்கிறாள், புடவைத் தலைப்பைத் தலையில் போட்டுக்கொண்டு. அடுத்த வீட்டுக் கதவைத் தட்டிப் பழகாதவள். “இப்போதுதான் வந்தேன்” என்றாள். அவள் காலடியில் தண்ணீர் தேங்கியிருந்தது.

அது 4ஆம் தேதி. ஏப்ரல் 5 முதல் 21 வரை பதினாறு நாள். 4ஆம் தேதியோடு பதினாறைக் கூட்டக் கூடாது என்று இருக்கிறேன்.

நவம்பர் 18

மருத்துவர் நின்று பேசவில்லை.

நவம்பர் 20

காலையில் வெயில். மதியம் மழை. மாலையில் அம்மாவின் முகமூடியைக் கொஞ்ச நேரம் எடுத்தார்கள். நெற்றியில் வியர்வை, கன்னத்தில் நிறம். அக்காவிடம் கேட்டுக்கொள்ளவில்லை, நானே பார்த்தேன். உதடு அசைந்தது. குனிந்து காதைக் கொடுத்தேன். வீட்டுச் சாவி யாரிடம் இருக்கிறது என்று கேட்டாள்.

நவம்பர் 21

அக்கா பக்கத்தில் இருந்ததால் பதில் சொல்லவில்லை. இன்று ஐந்து மணிக்கு