17 மீட்டரில் ஒரு கதை

நான் சீரியலுக்கு வசனம் எழுதுகிறவன். ஒரே செய்தியை மாமியார் ஒரு தடவை, மருமகள் ஒரு தடவை, விட்டுப்போயிருந்தால் வேலைக்காரம்மா ஒரு தடவை சொல்ல வேண்டும், ஏனென்றால் பார்க்கிறவர்கள் பாதிப் பேர் அடுப்படியில் நின்றுகொண்டு காதால்தான் சீரியல் பார்க்கிறார்கள். இந்தத் தொழிலில் சேர்ந்ததும் எனக்குச் சொல்லிக்கொடுத்த முதல் பாடம் அது.

இதற்கு நேர் எதிராக, சத்தமே இல்லாத ஊமைப் படத்தில் கதை சொல்கிற வேலையை 1898-ல் ப்ராக் நகரத்தில் ஒருவர் செய்திருக்கிறார். யோசெஃப் ஷ்வாப்-மாலோஸ்திரான்ஸ்கி. மேடைகளில் நகைச்சுவைப் பாட்டு பாடி ஆட்களைச் சிரிக்க வைத்தவர். யான் க்ரிஜெனெட்ஸ்கி என்பவர், படம் எடுக்கவும் காட்டவும் உதவும் லூமியேர் கேமரா ஒன்றை வாங்கி, அந்த வருஷம் அங்கே நடந்த கட்டடக்கலை, பொறியியல் கண்காட்சியில் படம் காட்டினார். அவருடைய குட்டி நகைச்சுவைப் படங்களுக்குக் கதை யோசித்ததும் நடித்ததும் ஷ்வாப்தான். செக் சினிமாவின் முதல் கதாசிரியர் என்று அவரைத்தான் சொல்கிறார்கள்.

ஒரு படச்சுருள் சுமார் 17 மீட்டர். கையால் சுற்றினால் ஒரு நிமிஷம்கூட ஓடாது. கேமரா வைத்த இடத்தை விட்டு நகராது, வெட்டி ஒட்டுவதும் கிடையாது. இதற்குள் என்ன கதை சொல்வது? அவர் பிடித்தது ஆட்களின் தொழிலை. ஒரு படத்தில் கண்காட்சியில் சாசேஜ் விற்பவரும் சுவரொட்டி ஒட்டுபவரும். ஒருவரிடம் தின்கிற பொருள், இன்னொருவரிடம் பசை வாளி. தொழில்களின் பெயரைக் கேட்டதுமே பாதி புரிந்துவிடுகிறது, யார் யாருக்கு என்ன உறவு என்று ஒரு வரி தேவையில்லை.

'சிரிப்பும் அழுகையும்' என்று இன்னொன்று. அவர் முகம் மட்டும்தான். சிரிக்கிறார், அழுகிறார், ஏன் என்று சொல்வதில்லை. நானாக இருந்தால் நடுவில் ஒரு ஃபோன் காலாவது வைத்திருப்பேன்.

அப்புறம் 1920-களில் படம் நீளமாகி, நடுநடுவே வசனத்தைத் திரையில் காட்டுகிற எழுத்து அட்டைகள் வந்தன. இயக்குநர் கரெல் லாமாச், நடிகை அன்னி ஒந்த்ரா, ஒளிப்பதிவாளர் ஓட்டோ ஹெல்லர், இவர்களோடு கதாசிரியர் வாட்ஸ்லாவ் வாசர்மானையும் சேர்த்து 'பலமான நால்வர்' என்று ஒரு பெயரே இருந்தது. எழுதுகிற ஆளையும் எண்ணிக்கையில் சேர்த்திருக்கிறார்கள் பாருங்கள், எனக்குக் கொஞ்சம் பொறாமைதான்.

இதையெல்லாம் படித்த சூட்டில் வசனமே இல்லாமல் ஒரு சீன் எழுதினேன். புருஷன் வராத வீட்டில் அவள் இரண்டு தட்டு வைக்கிறாள், கொஞ்ச நேரம் உட்கார்ந்திருக்கிறாள், ஒன்றை எடுத்து அலமாரியில் வைக்கிறாள். அவ்வளவுதான். ஷூட்டிங்கிலிருந்து ஃபோன்: "சார், சீன் பேப்பர் பாதி காலியா வந்திருக்கு, மிச்சத்தை வாட்ஸ்அப்ல அனுப்புறீங்களா?"

சரி என்று அனுப்பினேன். எபிசோடில் அந்த நடிகை "இன்னிக்கும் அவர் சாப்பிட வரல" என்று சொல்லிவிட்டுத்தான் தட்டை எடுத்தார்.