கிரனாடாவில் ‘போன’ கதை

‘இர்’ என்றால் போதல். ஸ்பானிய மொழியில் இரண்டே எழுத்துகளில் அடங்கிவிடும் இந்த வினைச்சொல், தெற்கு ஸ்பெயினின் கிரனாடா நகரில் நான் மொழி கற்கத் தங்கியிருந்த நான்கு வாரமும் என்னைப் பாடாய்ப்படுத்தியது. ‘போகிறேன்’ என்று சொல்லப் புகுந்தால் ‘இர்’ இருந்த சுவடே தெரியாமல் ‘வோய்’ வந்து நிற்கிறது. நீ போகிறாய் ‘வாஸ்’, அவர் போகிறார் ‘வா’, போகிறோம் ‘வாமோஸ்’. ஸ்பானியர்களுக்கு வகரமும் ‘அன்பு’ என்பதில் வரும் பகரமும் ஒன்றே என்பதால், ஆசிரியை முதன்முதலாக ‘வோய்’ என்றபோது என் காதில் ‘போய்’ என்றே விழுந்தது. போவதற்குப் போய்! நம் ஊர்ச் சொல் என்று மகிழ்ந்து முடிப்பதற்குள், அவர் போகிறார் என்பதைக் கரும்பலகையில் எழுதிக் காட்டினார். எழுத்துக்கூட்டிப் படித்தால் ‘வா’.

வகுப்பைவிடத் தெரு கடினமாக இருந்தது. பிளாசா நுவேவா சதுக்கத்தில் அல்பைசின் குன்றுக்கு ஏறும் சி31 சிற்றுந்தின் ஓட்டுநர், எங்கே போக வேண்டும் என்று கேட்டார். ‘வாஸ்’ என்றால் நீ. ‘அவர்’ போகும் அதே ‘வா’தான் மரியாதைக்குரிய ‘நீங்க’ளுக்கும். ஆனால் கிரனாடாக்காரர்கள் சொல்லின் கடைசி ஸகரத்தை விழுங்கிவிட்டு, அதற்கு ஈடாக உயிரொலியைச் சற்று அகலத் திறக்கிறார்கள். அந்த மயிரிழை வேறுபாடு பிடிபடாததால், அவர் எனக்கு மரியாதை கொடுத்தாரா இல்லையா என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது.

‘இர்’ இப்படி உருமாறுவதற்குக் காரணம், லத்தீனின் மூன்று வினைகள் இந்த ஒரு வினைக்குள் குடியேறியதுதான். ‘ஈரே’ என்பதிலிருந்து ‘இர்’ வந்தது. ‘வாதெரே’ என்பதிலிருந்து ‘வோய்’ வந்தது. இறந்தகாலமான ‘ஃபுய்’யோ ‘இரு’ என்னும் வினையிடமிருந்து வாங்கியது. ஆகவே ‘ஃபுய்’ என்றால் போனேன், இருந்தேன் இரண்டும்தான். வா, வருகிறேன், வந்தேன் என்று பேசிப் பழகிய நாம் இதைக் குறைசொல்வதும் நியாயமில்லை.

எதிர்காலம் மட்டும் அல்வாவாக இருந்தது. ‘வோய் ஆ கொமெர்’ என்பது அச்சு அசலாகச் ‘சாப்பிடப் போகிறேன்’தான், அதை ஒரே நாளில் கற்றுக்கொண்டு, கண்டதற்கெல்லாம் பயன்படுத்தினேன்.

உண்மையான சறுக்கல் சாப்பாட்டு வேளையில் நேர்ந்தது. நான் தங்கியிருந்த வீட்டு அம்மாள் இரண்டரை மணிக்கு அடுக்களையிலிருந்து சாப்பிடக் கூப்பிட்டார். ‘இதோ வருகிறேன்’ என்ற நினைப்பில் அறைக்குள்ளிருந்தே “பெங்கோ, பெங்கோ” என்று குரல் கொடுத்தேன். “தெ தோந்தே?” என்று சிரிப்போடு பதில் வந்தது. எங்கிருந்து வருகிறாயாம்! ஸ்பானியத்தில் ‘வருதல்’ பேசுபவர் இருக்கும் இடத்தை நோக்கித்தான் நடக்கும். கூப்பிட்டவரிடம் நான் போகத்தான் முடியும். அந்த அம்மாள் கரண்டியும் கையுமாக வாசலில் வந்து நின்று, “யா போய்”, அதாவது ‘இதோ போகிறேன்’ என்று என்னை மூன்று முறை சொல்லவைத்த பிறகே பருப்புக் குழம்பு தட்டில் விழுந்தது. கூப்பிடுகிற பெரியவரிடம் ‘போகிறேன்’ என்று கத்துவதற்கு நாக்கு கூசியது.

புறப்படும் நாளில் அந்தக் கூச்சம் இன்னும் கூடியது. ‘மே போய்’, அதாவது கிளம்புகிறேன் என்று சொல்லியிருக்க வேண்டும். வீட்டைவிட்டு இறங்கும்போது வெறும் ‘போகிறேன்’ சொல்லக்கூடாது என்று வளர்க்கப்பட்டவன் நான். ஆகவே யோசித்து, “போய் இ பெங்கோ” என்றேன். போய்விட்டு வருகிறேன் என்பதற்கு இதைவிடச் சரியான ஸ்பானியம் கிடையாது. ஆனால் அங்கே அது கடைக்குப் போய் ரொட்டி வாங்கி வருபவர் சொல்வது. அந்த அம்மாள் என் பெரிய பெட்டியை ஒருமுறை பார்த்தார், என்னை ஒருமுறை பார்த்தார். மதியச் சாப்பாட்டை எடுத்து வைக்கட்டுமா என்று கேட்டார்.