பட்வாரி என்றால் கர்ணம்

வடக்கே பட்வாரி என்பார்கள், நம் பக்கம் கர்ணம். ஊரில் யார் நிலம் எது, என்ன பயிர், எவ்வளவு தீர்வை என்ற கணக்கு முழுவதும் அவர் கட்டி வைத்திருக்கும் மூட்டையில் இருக்கும். பஞ்சாபில் ஜமாபந்தி என்றால் நில உரிமைப் பதிவேடு. நமக்கோ தாலுகா ஆபீஸில் வருஷத்துக்கு ஒரு முறை பந்தல் போட்டு நடக்கும் கணக்குத் தணிக்கை. கிருஷ்ணகிரி, போச்சம்பள்ளி, ஊத்தங்கரை என்று முப்பத்து நான்கு வருஷம் வி.ஏ.ஓ.வாகக் குப்பை கொட்டியவன் நான். எனக்கு முன்னால் அப்பா கர்ணம், அவருக்கு முன்னால் தாத்தா. 1792-ல் பாராமகால் திப்புவிடமிருந்து கம்பெனி கைக்குப் போனதும் ரீடும் மன்றோவும் வந்து நிலம் அளந்த சீமை இது. உழுகிறவனிடமே சர்க்கார் நேராகத் தீர்வை வாங்கும் ரயத்துவாரி முறை முளைத்ததே இங்கேதான். அதனால் நிலக் கணக்கு சம்பந்தப்பட்ட எந்தச் சொல் கண்ணில் பட்டாலும் நின்றுவிடுவேன்.

அப்படித்தான் டாக்டர் கான் சாகிப்பின் கதையில் நின்றேன். அவருடைய தம்பியை நம் எல்லோருக்கும் தெரியும். எல்லை காந்தி, கான் அப்துல் கபார் கான். அண்ணன் ஒருவர் இருந்தார் என்பதே ஓய்வு பெற்ற பிறகுதான் எனக்குத் தெரிய வந்தது. இயற்பெயர் அப்துல் ஜப்பார் கான். பெஷாவர் பக்கம் உத்மான்சை என்ற ஊர், நிலபுலன் உள்ள குடும்பம். பம்பாய் கிராண்ட் மருத்துவக் கல்லூரியில் படித்து, பிறகு லண்டன் செயின்ட் தாமஸ் மருத்துவமனைக்குப் போனார். லண்டனிலேயே நேருவோடு சிநேகம். முதல் உலகப் போரில் பிரான்சில் வேலை. மேரி என்ற பிரிட்டிஷ் பெண்ணைக் கல்யாணம் செய்துகொண்டு ஊர் திரும்பி, மர்தானில் ராணுவ டாக்டராக இருந்தார். சொந்தப் பட்டாணியர்கள் மீதே வெள்ளைக்காரன் படை நடத்திக்கொண்டிருந்த வஜீரிஸ்தானுக்குப் போகச் சொன்னார்கள். மாட்டேன் என்று வேலையை விட்டுவிட்டு பெஷாவரில் சொந்தமாக வைத்தியம் பார்க்க உட்கார்ந்தார்.

அப்படியே இருந்திருந்தால் நிம்மதியாக இருந்திருப்பார் என்று சொல்லத் தோன்றும். ஆனால் அந்த ஊர் அப்படி. 1930 ஏப்ரல் 23-ல் பெஷாவர் கிஸ்ஸா கவானி கடைத்தெருவில் நிராயுதபாணியான ஜனங்கள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. சுடமாட்டோம் என்று நின்ற கர்வாலிச் சிப்பாய்களை சிறைக்கு அனுப்பினார்கள். அதற்குப் பிறகு அந்த வீட்டில் யாராலும் அரசியலை விட்டு விலகி இருக்க முடியவில்லை. அண்ணன் தம்பி இருவரும் ஹஜாரிபாக் சிறையில் இருந்தார்கள். 1934-ல் விடுதலை செய்தபோதும் சொந்த மாகாணத்துக்குள் கால் வைக்கக் கூடாது என்று உத்தரவு.

1937 செப்டம்பரில் டாக்டர் வடமேற்கு எல்லைப்புற மாகாணத்தின் முதல்வர் ஆனார். அப்போதெல்லாம் மாகாண முதல்வரைப் பிரதமர் என்பார்கள். இரண்டு மாதம் முந்தி, ஜூலையில், சென்னை மாகாணத்துக்குப் பிரதமர் ஆனவர் நம் தொரப்பள்ளிக்காரர் ராஜாஜி. ஓசூர் பக்கத்து வக்கீலும் உத்மான்சை டாக்டரும் ஒரே வருஷத்தில் நாற்காலியில் உட்கார்ந்து, போரில் இந்தியாவைக் கேட்காமல் சேர்த்ததற்காக ஒரே வருஷத்தில், 1939-ல், எழுந்தார்கள். டாக்டர் 1945-ல் மறுபடி வந்தார். 1946 தேர்தலில் ஐம்பது இடத்தில் முப்பது அவருடைய காங்கிரசுக்கு. முஸ்லிம்களே பெரும்பான்மையான மாகாணத்தில் இது நடந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். (எனக்குத் தெரிந்த ஒரு டாக்டர் உள்ளாட்சித் தேர்தலில் நின்றார். அவரிடம் ஊசி போட்டுக்கொண்டவர்களில் பாதிப் பேர் ஓட்டுப் போட்டிருந்தாலே ஜெயித்திருப்பார். டெபாசிட் போனது.)

பிரிவினையில் எல்லாம் தலைகீழ். 1947 ஜூலையில் இந்தியாவா பாகிஸ்தானா என்று வாக்கெடுப்பு. தம்பியின் தொண்டர்களான செஞ்சட்டைக்காரர்கள் புறக்கணித்தார்கள். பாகிஸ்தானுக்கு 2,89,244, இந்தியாவுக்கு 2,874. பாகிஸ்தான் பிறந்து எட்டே நாளில், ஆகஸ்ட் 22 அன்று, டாக்டரின் மந்திரிசபையைக் கலைத்தார்கள். பிறகு காவல். ஆனால் 1954-ல் அதே பாகிஸ்தானின் மத்திய மந்திரி ஆனார், 1955-ல் மேற்குப் பாகிஸ்தான் மாகாணம் முழுவதற்கும் முதல் முதல்வர். மாகாணங்களை ஒன்றாகச் சேர்த்த அந்தத் திட்டத்தை எதிர்த்து ஊர் ஊராகப் பேசியவர் சொந்தத் தம்பி. இந்த இடத்தில் அண்ணன் செய்தது எனக்கு ஒப்பவில்லை. வருஷக்கணக்கில் சிறையில் இருந்தவர் இதற்கு ஏன் தலையாட்டினார்? சரி, அது அவர்கள் வீட்டுச் சண்டை.

1957-ல் அந்தப் பதவியும் போனது. 1958 மே 9 காலை, லாகூரில் மகன் வீட்டுத் தோட்டத்தில் உட்கார்ந்திருந்தார். ஓர் ஆள் உள்ளே வந்து கத்தியால் குத்தினான். மியான்வாலிக்காரன், பெயர் அத்தா முகம்மது. இரண்டு வருஷம் முன்னால் வேலையிலிருந்து நீக்கப்பட்ட பட்வாரி.

இங்கேதான் நின்றேன்.

1980 நவம்பரில் ஓர் அவசரச் சட்டத்தில் தமிழ்நாடு முழுக்கக் கர்ணம், வரி வசூலிக்கும் மணியம் பதவிகள் ஒரே நாளில் போயின. பரம்பரைப் பதவியை ஒழித்தது சரிதான் என்பது என் கட்சி. என்னோடு வேலை பார்த்தவர்களில் பாதிப் பேர் பழைய முறையில் அந்தப் பக்கமே வந்திருக்க முடியாது. ஆனால் அப்பாவுக்கு அப்போது ஐம்பது வயது, வேறு தொழில் தெரியாது. கணக்குகளை ஒப்படைக்க மாட்டு வண்டியில் தகரப் பெட்டியை ஏற்றிக்கொண்டு தாலுகா ஆபீசுக்குப் போனார். நானும் கூடப் போனேன். ஒருவர் பெயர் வாசிக்க, இன்னொருவர் டிக் அடித்தார். அ-பதிவேடு, சிட்டா, பசலி வாரியாக அடங்கல், கடைசியில் நிலங்களின் வரைபடங்கள் உள்ள புலப்பட நூல். அதை மட்டும் அப்பா கொடுக்காமல் ஒரு பக்கத்தைப் பிரித்தார். மூலையைக் கரையான் தின்றிருந்தது. புளியங்கொட்டைப் பசையில் வேறு தாள் ஒட்டி, மையால் ஓடையை வரைந்திருந்தார்.

"இந்த ஓடை இங்க கெழக்கால திரும்புதுங்க. படத்துல அரிச்சுப் போச்சு, நான்தான் போட்டு வெச்சேன். பின்னால வர்றவங்களுக்குச் சொல்லிடுங்க."

டிக் அடித்தவர் நிமிரவில்லை. "சரி சரி, வைங்க பெரியவரே" என்றார். அப்பா ரசீது கேட்டு வாங்கிக்கொண்டார். அந்த ரசீது இன்னும் என்னிடம் இருக்கிறது.

அடுத்த வருஷம் மனு எழுதி எடுத்துக்கொண்டு மெட்ராஸ் போனார். ஒரு மந்திரி வீட்டு வாசலில் காலை ஆறு மணியிலிருந்து நின்றாராம். மந்திரி வந்தார், காரில் ஏறினார். உதவியாளர் எல்லோர் மனுக்களையும் ஒரே கட்டாக வாங்கிக்கொண்டார். வீட்டுக்கு வந்து, இஸ்திரி கலையாத சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, "மூஞ்சியக்கூடப் பாக்கலடா" என்றார். அப்புறம் மூன்று நாள் பேசவில்லை. அவர் ஒரு கோழியைக்கூட அடித்ததில்லை. ஆனால் அந்த மூன்று நாள் அம்மா என்னை வெளியூர் போகவிடாமல் வீட்டிலேயே வைத்திருந்தார். ஏன் என்று அப்போது எனக்குப் புரியவில்லை.

கான் சாகிப்பை உத்மான்சையில் மேரியின் பக்கத்திலேயே அடக்கம் செய்தார்கள். இந்தக் கதையை அப்பாவிடம் சொன்னபோது அவருக்குத் தொண்ணூறு வயது நெருங்கியிருந்தது, காது பாதிதான் கேட்கும். டாக்டர், லண்டன், சிறை, இரண்டு நாடு, முதல்வர் பதவி என்று உரக்கச் சொல்லிக்கொண்டு வந்தேன். சாய்வு நாற்காலியில் கண்ணை மூடியபடி கேட்டார். கொன்றவன் வேலை போன கர்ணம் என்று முடித்ததும் கண்ணைத் திறந்தார்.

"அவன எதுக்கு வேலைய விட்டு எடுத்தாங்களாம்?"