கோணலாகப் போகும் கோடு

"அப்பா, இந்தக் கோடு ஏன் இங்க மட்டும் கோணலா போகுது?"

குளோபைச் சுற்றிக்கொண்டிருந்த பாப்பாவின் விரல் பசிபிக் நடுவில் நின்றிருந்தது. சர்வதேசத் தேதிக்கோடு. இதன் ஒரு பக்கம் ஒரு தேதி, மறுபக்கம் வேறு தேதி. நேராக இறங்கி வந்தது, நிலநடுக்கோட்டருகே கிழக்கே வெகுதூரம் துருத்திக்கொண்டு போய்த் திரும்புகிறது.

ஒரு குட்டி நாட்டுக்காக வளைந்த கோடு அது.

கிரிபாஸ். எழுதுவது கிரிபாட்டி என்று, சொல்வது கிரிபாஸ். அவர்கள் மொழியில் 'எஸ்' எழுத்தே கிடையாது, 'டி, ஐ' சேர்த்து எழுதினால் 'ஸ்'. கிறிஸ்துமஸ் தீவையும் அப்படித்தான் 'கிரிட்டிமாட்டி' என்று எழுதுகிறார்கள். எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம் இது.

1979-ல் விடுதலை. 33 தீவுகள். மொத்த நிலம் 811 சதுர கிலோமீட்டர்தான், ஆனால் அவை சிதறிக் கிடக்கும் கடலோ சுமார் 35 லட்சம் சதுர கிலோமீட்டர்!

அந்தக் கோடு நாட்டின் நடுவே போனதால், மேற்கே வெள்ளிக்கிழமை என்றால் கிழக்கே வியாழன். மேற்கே திங்கள் என்றால் கிழக்கே ஞாயிறு லீவு. ஒரே அரசாங்கம், ஆனால் இரு பக்கமும் சேர்ந்து வேலை பார்க்க வாரத்தில் நாலே நாள்.

1995 பிறந்தபோது தேதிக்கோட்டையே கிழக்கே தள்ளிவிட்டார்கள். கிழக்குத் தீவுகளின் காலண்டரில் ஒரு நாள் முழுசாகக் காணாமல் போனது. இன்று உலகில் முதலில் புத்தாண்டு பிறப்பது அங்கேதான்.

தேதியை நகர்த்திவிட்டார்கள். உயர்ந்துகொண்டே வரும் கடலை எப்படி நகர்த்துவது? பெரும்பாலான தீவுகள் கடல் மட்டத்துக்கு மேல் இரண்டு மூன்று மீட்டர்தான். 2014-ல் அந்த அரசு ஃபிஜியில் சுமார் 20 சதுர கிலோமீட்டர் நிலம் வாங்கியது.

பாப்பா குளோபில் கண்ணை ஒட்டி வைத்துத் தேடினாள். பெயர் இருந்தது. தீவு இருக்கவேண்டிய இடத்தில் ஒரு பேனாப் புள்ளிகூட இல்லை.