மங்குஸ்தானும் கருப்பட்டியும்

சாரல் காலத்தில் குற்றாலத்துக் கடைகளில் மங்குஸ்தான் குவிந்து கிடக்கிறது. அதன் சுளையில் உள்ள இளம்புளிப்பு பச்சையாகத் தின்னும் லெட்டூஸ் கீரை சாலட்டுக்கு அவ்வளவு பொருத்தம். கொய்யாவும் சேரும், ஆனால் செங்காயாக இருக்க வேண்டும், கனிந்தால் குழைந்துவிடும். மேலே வறுத்த முந்திரி. வால்நட் தேடி அலைய வேண்டியதில்லை.

சாலட்டின் மேல் ஊற்றும் இனிப்புச் சாறுக்கு எல்லோரும் தேன் என்கிறார்கள். 2023இல் புவிசார் குறியீடு பெற்ற உடன்குடிக் கருப்பட்டி பக்கத்திலேயே இருக்கும்போது தேன் எதற்கு? தட்டி, சிறிது வெந்நீரில் கரைத்து, கட்டாயம் வடிகட்டுங்கள். அடியில் மண் தங்கும். ஆறியதும் எலுமிச்சைச் சாறு, உப்பு, மிளகுத்தூள், நல்லெண்ணெய் சேர்த்து, மூடிபோட்ட பாட்டிலில் ஓங்கிக் குலுக்கினால் கரும்பழுப்பாகக் கெட்டிப்படும்.

"இது ஆட்டுக்கா, ஆளுக்கா?" என்று கேட்ட ஆச்சி, முந்திரியை மட்டும் பொறுக்கித் தின்றார். கீரை என்றால் கடையத்தான் வேண்டும் என்பது அவர் சட்டம்.

இலையைக் கழுவியதும் துணியில் பரப்பி ஈரம் போக ஒற்றி எடுங்கள். ஈரம் இருந்தால் சாறு ஒட்டாமல் தட்டின் அடியில் தேங்கிவிடும். பரிமாறும் நேரத்தில்தான் ஊற்ற வேண்டும். உப்புப் பட்டால் இலை துவண்டுபோகும். மிச்சச் சாறு தோசைக்கு ஆகும்.