பக்கத்து சீட்டுக்குப் போன டிரைவர்

காருக்குள்ளிருந்து வரும் குரலுக்கு வசனம் எழுதுவதும், அதை ரோட்டில் வைத்துச் சோதிப்பதும்தான் என் வேலை. டீமுக்குப் புதிதாக யார் வந்தாலும், பேசும் கார் வரும் அமெரிக்க டிவி தொடரான 'நைட் ரைடர்' பற்றிய பேச்சு வந்துவிடும். எல்லாரும் 1982-ல் தொடங்கிய பழைய தொடரைத்தான் சொல்வார்கள். நான் 2008-ல் என்பிசி சேனல் மறுபடி எடுத்ததைப் பார்க்கச் சொல்வேன். 17 எபிசோடோடு மூடுவிழா கண்ட தொடர் அது. எங்கள் தொழிலுக்கு அதில்தான் சரக்கு அதிகம்.

அந்தப் பேசும் காரின் பெயர் கிட். பழைய கிட், பான்டியாக் டிரான்ஸ் ஆம். புதிய கிட், ஃபோர்டு மஸ்டாங். அடிபட்டால் தானே சரிசெய்துகொள்ளும், தேவைப்பட்டால் பிக்கப் டிரக்காகவே உருமாறும். குரல் விஷயத்தில் ஒரு கூத்தும் நடந்தது. முதலில் பேசியவர் வில் ஆர்னெட். அவர் ஏற்கெனவே ஜெனரல் மோட்டார்ஸின் டிரக் விளம்பரங்களுக்குக் குரல் கொடுத்து வந்தவர். போட்டிக் கம்பெனியின் காருக்கு எப்படிப் பேசலாம் என்று சிக்கல் வர, ஒளிபரப்புக்குக் கொஞ்சம் முன்னால் விலகினார். வால் கில்மர் உள்ளே வந்தார். காருக்கு வாயசைவு கிடையாது என்பதால் தப்பித்தார்கள்!

கில்மரின் குரல் நிதானமானது, ஏற்ற இறக்கம் குறைவு. அந்தக் குரலைத்தான் பலரும் குறை சொல்கிறார்கள். நான் வசனத்தைத்தான் குறை சொல்வேன். பெரும்பாலும் தகவல்தான்: எங்கே எதிரி, எவ்வளவு தூரம், எவ்வளவு நேரம். பழைய தொடரில் வில்லியம் டேனியல்ஸின் கிட், விடைத்தாள் திருத்தும் வாத்தியார் மாதிரி, தன்னை ஓட்டும் கதாநாயகன் மைக்கேலிடம் சலித்துக்கொள்ளும், கிண்டலடிக்கும், கெஞ்சும். அந்த டாஷ்போர்டில் நார்மல், ஆட்டோ, பர்சூட் என்று தனித்தனியாக எழுதியிருக்கும். நார்மல் என்றால் ஓட்டுவது மைக்கேல். யார் ஓட்டுகிறார்கள் என்பது அந்த மூன்று வார்த்தைகளிலேயே தெரிந்துவிடும். புதிய தொடரில் எல்லாவற்றையும் கார் பார்த்துக்கொண்டது. போதாததற்கு ஒரு கட்டுப்பாட்டு அறை நிறைய ஆட்களும் பேசிக்கொண்டிருந்தார்கள். பாதியில் அவர்களில் சிலரைக் கழற்றிவிட்ட பிறகு வந்த எபிசோடுகள் கொஞ்சம் தேவலை.

இதை நான் பேசிப் பேசிப் புரியவைக்க முயல்வேன். எங்கள் டெஸ்ட் டிரைவர் ஒரே வரியில் முடித்துவிட்டார். ஜி.எஸ்.டி. ரோட்டில், பெருங்களத்தூர் பக்கம், இண்டிகேட்டர் போட்டு வலப்பக்கம் ஒதுங்கிக்கொண்டிருந்தோம். பின்னால் ஒரு பஸ் விடாமல் ஹாரன். அந்த நேரம் பார்த்து, இடது பின் டயரில் காற்று சற்றுக் குறைவாக இருப்பதாகக் கார் விரிவாக விளக்க ஆரம்பித்தது. அவர் கண்ணாடியிலிருந்து பார்வையை எடுக்கவில்லை. தாண்டி வந்த பிறகு, "என்னண்ணே, எப்படி இருக்கு?" என்று கேட்டேன்.

"நல்லாத்தான் பேசுது தம்பி. ஆனா நான் ஓட்டிக்கிட்டிருக்கேன்னு அதுக்குத் தெரியல."

அந்த வாக்கியத்தை அப்படியே அறிக்கையில் போட்டேன். வழக்கம்போல எதிர்ப்பு வந்தது. எல்லா வசதியும் டெமோவில் கேட்க வேண்டுமாம். அப்புறம் ஒரு வழியாக, இண்டிகேட்டர் ஓடும்போது அவசரமில்லாத எந்தச் செய்தியும் காத்திருக்க வேண்டும் என்று முடிவானது. கதவைத் திறந்ததும் வரும் நீளமான வரவேற்புரையை மட்டும் தூக்க முடியவில்லை. அது மார்க்கெட்டிங்காரர்களுக்குப் பிடித்தது.